கானிவாருக்குக் கொடுத்த வாக்கு

இந்தக் கூட்டத்துக்குத் தலைமையேற்றிருக்கும் பாதிரியார் ஹன்னஃபோர்ட் அம்மையார் அவர்களே! கடல்வழிப் போர்ப்பிரிவான நம் மரைன் படையின் சார்பில் நெடுந்தொலைவு பயணம் செய்து வந்து மேடையில் அமர்ந்திருக்கும் ஜெனரல் ஃபென்விக் அவர்களே! முன்வரிசையில் எங்கள் எல்லோரையும் விட நிமிர்ந்து உட்கார்ந்திருக்கும், நம் பிரிகேடியரின் துணைவியார் மோர்வென்னா அம்மையாரே! பச்சைத் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்திருக்கும் என் தோழர்களே! நல்ல வானிலையையும் விட்டுவிட்டு, படகைக் கட்டிப் போட்டுவிட்டு வந்திருக்கும் பெல்கோம் ஊர் மக்களே! உங்கள் எல்லோருக்கும் டென்சில் ஹாக்கிங்கின் வணக்கம்.

நான் சார்ஜெண்ட் மேஜராக இருந்தவன். எனக்குக் கத்தத் தெரியும், பேசத் தெரியாது. அணிவகுப்புத் திடலின் அந்தக் கோடியில் நிற்பவன் சட்டைப் பொத்தானைப் போட மறந்திருந்தால், இந்தக் கோடியிலிருந்து சொல்லித் திருத்தியவன். இன்று இந்தச் சின்ன மன்றத்தில், நாலு அடி தூரத்தில் இருக்கும் உங்களிடம் ஒரு வாக்கியத்தைச் சொல்ல எனக்குக் குரல் வரவில்லை. பிரிகேடியர் அம்ப்ரோஸ் லஸ்கம் இனி இல்லை. சொல்லிவிட்டேன். ஆனால் நம்புகிறேனா? இல்லை. அந்தக் கதவு திறக்கும், தலையைக் குனிந்து உள்ளே வருவார், "என்ன ஹாக்கிங், என்னைப் பத்தி நல்லதா பேசுறியாமே, உடம்பு சரியில்லையா?" என்று கேட்பார் என்றுதான் மனம் இன்னும் வாசலைப் பார்த்துக்கொண்டிருக்கிறது.

அவர் யார்? செய்தித்தாளில் படித்திருப்பீர்கள். பதக்கங்களைப் போட்டிருந்தார்கள், பதவிகளைப் போட்டிருந்தார்கள். பெல்கோமில் பிறந்தவர் என்பதைக் கடைசி வரியில் போட்டிருந்தார்கள். நான் அதை முதலில் சொல்கிறேன். இந்தத் துறையில், நண்டுப் படகுக்காரருக்கு மகனாகப் பிறந்தவர் அவர். அவருடைய தாய் வேகவைத்த நண்டை ஓடு பிரித்துச் சதை எடுத்து, துறைமேட்டில் நின்று விற்றவர். பதினேழு வயதில் சாதாரண மரைனாகப் படையில் சேர்ந்தார். அதிகாரியாகச் சேரவில்லை, தோழர்களே! மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு, நம்மைப் போல, கடைசிப் படியில் சேர்ந்தார். "அப்பாவோட படகுல நாத்தம் தாங்கலன்னுதான் படையில சேந்தேன். அங்க போனா, ஈரக் காலுறையோட நாப்பது பேர் ஒரே கொட்டகையில!" என்று சொல்லிச் சிரிப்பார். அந்தக் கொட்டகையிலிருந்து படிப்படியாக ஏறி பிரிகேடியர் ஆனவர். அவர் காதுபடவே நாங்கள் அவரை 'நண்டு' என்போம். கோபித்தாரா? கிறிஸ்துமஸ் விருந்தில் பக்கவாட்டில் நடந்துதான் மேசைக்கு வருவார்.

நான் அவரை முதலில் பார்த்தது நார்வேயின் பனியில். எனக்குப் பத்தொன்பது வயது, அவர் கேப்டன். பனிச்சறுக்குப் பயிற்சியில் என் இரண்டு பாதங்களும் மரத்து, வெள்ளையாகி, மரக்கட்டை போல் ஆகிவிட்டன. பயத்தில் நான் யாரிடமும் சொல்லவில்லை. என் நடையைப் பார்த்து அவரே கண்டுகொண்டார். பனிக்குழியில் என்னை உட்கார வைத்து, காலணியைக் கழற்றி, தன் சட்டையைத் தூக்கி, என் இரண்டு பாதங்களையும் தன் வெறும் வயிற்றில் வைத்து மூடிக்கொண்டார். ஒரு கேப்டன்! பெயர்கூடத் தெரியாத ஒரு பையனுடைய பாதத்தை!

"சார், உங்களுக்குக் குளுருமே சார்" என்றேன்.

"குளுருதுடா. ரெண்டு செத்த மீனைக் கட்டிக்கிட்ட மாதிரி இருக்கு. வாய மூடிக்கிட்டு விரல அசைக்கப் பாரு."

விரல் அசைந்தபோது நான் வலியில் அலறினேன். அவர் மகிழ்ச்சியில் கத்தினார். "இத வெளிய சொன்னேன்னு வையி, உன்ன நீந்தியே ஊருக்கு அனுப்பிடுவேன்" என்று மிரட்டினார். இத்தனை காலம் சொல்லவில்லை. இன்று சொல்கிறேன். அவருடைய மிரட்டலுக்கு இனி எங்கே போவேன்!

அதன் பிறகு அவர் எங்கே போனாலும் நான் அந்தப் பிரிவில் இடம் கேட்டுப் போனேன். தெற்கே, கடல் கடந்து ஒரு தீவுக்காக நடந்த போருக்கும் அவருடன்தான் போனேன். அந்தப் போரைப் பற்றி அவர் வீட்டிலும் பேசியதில்லை, மன்றத்திலும் பேசியதில்லை. அவர் பேசாததை நான் பேசப் போவதில்லை. அவர் பேசியது ஒரே ஓர் ஊரைப் பற்றித்தான். கானிவார். அந்தப் பெயரை மோர்வென்னா அம்மையார் எத்தனை முறை கேட்டிருப்பார்! உங்களில் சிலர் கேட்டிருப்பீர்கள், கேட்காதவர்களுக்காகச் சொல்கிறேன்.

1991ஆம் ஆண்டு வசந்தம். வடக்கு இராக்கில் குர்து மக்கள் தங்கள் நாட்டு அரசின் படைக்கு அஞ்சி, வீட்டைப் பூட்டிக்கொண்டு, ஊர் ஊராக மலையேறி ஓடியிருந்தார்கள். அவர்களை மலையிலிருந்து இறக்கி ஊரில் குடியமர்த்த வேண்டும் என்று எங்களை அனுப்பினார்கள். அப்போது அவர் எங்கள் பிரிவின் கர்னல். நான் அவருடைய சார்ஜெண்ட் மேஜர்.

கானிவார் மக்கள் பனிக்குச் சற்றுக் கீழே, ஒரு பாறை விளிம்பில் கிடந்தார்கள். விமானத்திலிருந்து உணவு இறக்கிய பாராசூட் துணிதான் அவர்களுக்குக் கூடாரம். தண்ணீர் கெட்டுப்போயிருந்தது. குழந்தைகள் சுருண்டு சுருண்டு விழுந்தன. ஆனாலும் இறங்கி வர மாட்டோம் என்றார்கள். கேட்டால், "ஊர்ல ஆயுதம் வெச்சுக்கிட்டு அரசோட காவல்காரங்க இருக்காங்க. அவங்க இருக்குற வரைக்கும் வர மாட்டோம்" என்றார்கள். அதை எங்களுக்கு மொழிபெயர்த்துச் சொன்னவர் ஷிலான் என்ற இளம்பெண். ஊர்ப் பள்ளிக்கூடத்து ஆசிரியை. அந்த மலையில் எங்கள் மொழி தெரிந்த ஒரே ஆள் அவர்தான். அன்று முதல் அவரே எங்களுக்கு வாய்.

கர்னல் என்ன செய்தார் தெரியுமா? தலைக்கவசத்தைக் கழற்றி வைத்துவிட்டு, ஷிலானையும் என்னையும் அழைத்துக்கொண்டு, ஊருக்குள் நேராக நடந்தார். காவல்காரர்களின் தலைவன் எங்களை உட்காரச் சொன்னான், டீ கொடுத்தான். கர்னல் நிதானமாகக் குடித்து முடித்தார்.

"டீ ரொம்ப நல்லா இருந்துது. நாளைக்கு மத்தியானத்துக்குள்ள ஊர காலி பண்ணிடுங்க" என்றார்.

ஷிலான் அவர் பக்கம் திரும்பினார். "கர்னல், இத அப்படியே சொல்லணுமா?"

"அப்படியே சொல்லுங்க டீச்சர். டீய பத்திச் சொன்னத மட்டும் விட்டுடாதீங்க."

சொன்னார். மறுநாள் அவர்கள் போய்விட்டார்கள். சுற்றுமேட்டில் எங்கள் துப்பாக்கிகள் இருந்ததும் ஒரு காரணம்தான், மறுக்கவில்லை. ஆனால் அந்த டீக் கோப்பையைக் கீழே வைத்தபோது அவர் கை ஆடவில்லை, அதை நான் பார்த்தேன்.

ஊர் காலியாயிற்று. மக்கள் இறங்கினார்களா? இல்லை! எல்லோரும் ஒரு மனிதரின் முகத்தைப் பார்த்தார்கள். அவர் ஊர்த்தலைவர் தாஹிர். பனியோரத்தில் கற்களைக் குவித்திருந்த ஒரு புதைமேட்டின் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். அவருடைய மனைவி பெரிவான், ஓடி வந்த முதல் வாரத்திலேயே காய்ச்சலில் இறந்து, அங்கே புதைக்கப்பட்டிருந்தார்.

"அவங்கள போகச் சொல்லுங்க. நான் வரல. பெரிவான் இங்க இருக்கா" என்றார் தாஹிர்.

தாஹிர் இல்லாமல் ஊர் நகராது. ஒவ்வொரு நாளும் ஒரு குழந்தையைப் புதைத்துக்கொண்டிருந்தார்கள். மேலிடத்திலிருந்து, ஏன் தாமதம், ஏன் தாமதம் என்று கேட்டுக்கொண்டே இருந்தார்கள். வேறு யாராக இருந்தாலும் என்ன செய்திருப்பார்கள்? கெஞ்சியிருப்பார்கள், மிரட்டியிருப்பார்கள், தூக்கிக்கொண்டு போயிருப்பார்கள். எங்கள் கர்னல் அந்தக் கற்குவியலுக்கு மறுபக்கம் போய் உட்கார்ந்தார்.

முதல் நாள் இருவரும் பேசவில்லை. மறுநாள் தாஹிர் தானாகவே பேச ஆரம்பித்தார். பெரிவான் சீழ்க்கை அடித்தால் அடுத்த பள்ளத்தாக்கிலிருந்து ஆடுகள் திரும்பி வருமாம். கல்யாணமான புதிதில் அவள் சமைத்த சோற்றை நாய்கூடத் தொடவில்லையாம். சொல்லிவிட்டுச் சிரித்தார், சிரித்துவிட்டு முகத்தை மூடிக்கொண்டார். கர்னலும் சொன்னார். "எங்க வீட்டுலயும் ஒருத்தி இருக்கா. மொத மொதல்ல எனக்கு நண்டு சமச்சுப் போட்டா. நண்டுப் படகுல பொறந்தவனுக்கே நண்டு மேல வெறுப்பு வந்துடுச்சு." மன்னிக்க வேண்டும், மோர்வென்னா அம்மையாரே. அவர் சொன்னதைத்தான் சொல்கிறேன்.

அதற்குப் பிறகுதான் கேட்டார். "தாஹிர், உங்க பெரிவான் எங்க இருக்கணும்னு ஆசப்படுவாங்க?"

"கீழ. ஊர்ல. வாதுமை மரத்துப் பக்கம் அவளோட அம்மா இருக்கா. அவ பக்கத்துல."

"அப்ப அவங்களையும் கூட்டிட்டுப் போவோம்."

ஷிலான் மொழிபெயர்க்காமல் நின்றுவிட்டார். "கர்னல், புரிஞ்சுதான் பேசுறீங்களா?"

"புரிஞ்சுதான் பேசுறேன் டீச்சர். உங்க மதத்துல இதுக்கு இடமிருக்கான்னு மட்டும் பெரியவங்கள கேட்டுச் சொல்லுங்க."

அங்கிருந்த முல்லா நெடுநேரம் தாடியைத் தடவிக்கொண்டிருந்தார். "பயந்து ஓடி வந்தவள அவ வீட்டுக்குக் கொண்டுபோய்ச் சேர்க்குறது பாவமில்ல" என்றார். அவருடைய கண்களும் ஈரமாக இருந்தன.

வானொலியில் ஹெலிகாப்டர் கேட்டோம். உயிரோடிருப்பவர்களைச் சுமக்கவே போதவில்லை, இறந்தவருக்குத் தர இயலாது என்று பதில் வந்தது. "அவங்க சொல்றது நியாயம்தான். நடப்போம்" என்றார் கர்னல். பிறகு எங்கள் ஆட்களைப் பார்த்தார். "இது உத்தரவு இல்ல. இஷ்டம் இருக்கறவன் மட்டும் வரலாம்."

தோழர்களே, அன்று அங்கிருந்தவர்களில் பலர் இந்த மன்றத்தில் இருக்கிறீர்கள். யாராவது ஒருவன் பின்னால் நின்றானா?

கற்களை விலக்கி எடுத்து, வெள்ளைத் துணியில் சுற்றி, அதன் மேல் பாராசூட் துணியைப் போர்த்தி, எங்கள் தூக்குப்படுக்கையில் அந்த அம்மையாரை வைத்தோம். பெரிவானின் சகோதரர்கள் இருவர், எங்கள் ஆட்கள் இருவர் என்று தோள் கொடுத்தோம். கர்னல் முன்கோடியில் தோள் கொடுத்தார். பாதை இரண்டு பேர் ஒட்டி நடக்கும் அகலம்தான். ஒரு பக்கம் பாறை, மறுபக்கம் பாதாளம். பின்கோடியைச் சுமந்த எங்கள் மரைன் ரெஜ்ஜி கோடார்ட், "சார், நண்டு பக்கவாட்டுலதான நடக்கும்? நீங்க முன்னாடி போனா நாங்க எல்லாரும் பாறையிலதான் முட்டணும்" என்றான். கர்னல் சிரித்தார். எதற்குச் சிரிக்கிறார் என்று தாஹிர் கேட்க, ஷிலான் சொன்னார். மூன்று வாரமாகக் கல்லாகக் கிடந்த அந்த மனிதர், மனைவியின் உடலுக்குப் பின்னால் நடந்துகொண்டே, "பெரிவானுக்கு இது பிடிச்சிருக்கும்" என்றார்.

திருப்பத்தில் நான் திரும்பிப் பார்த்தேன். மலை இறங்கி வந்துகொண்டிருந்தது! ஆம், அப்படித்தான் சொல்ல வேண்டும். பாராசூட் கூடாரங்களை ஒவ்வொன்றாகப் பிரித்துச் சுருட்டித் தலையில் வைத்துக்கொண்டு, பானையும் கம்பளியும் குழந்தையுமாக, பாறை விளிம்பிலிருந்து எங்கள் பின்னால் ஊரே வந்துகொண்டிருந்தது. அதைச் சவ ஊர்வலம் என்பதா, வீடு திரும்பல் என்பதா? இரண்டும்தான்.

வாதுமை மரங்கள் பூத்திருந்தன. பெரிவானை அவருடைய தாயின் பக்கத்தில் வைத்தோம். மண் தள்ளி முடித்த பிறகு தாஹிர் கர்னலின் முன்னால் வந்து நின்றார்.

"எத்தன நாள் இருப்பீங்க?"

"நீங்க எல்லாரும் பயமில்லாம தூங்குற வரைக்கும்."

ஷிலான் அதை ஊருக்கே கேட்கும்படி உரக்கச் சொன்னார். பெண்கள் அழுதார்கள். கதவுகளைத் திறந்துகொண்டு உள்ளே போனார்கள்.

இங்கே கதையை முடித்துக்கொள்ளவே எனக்கு ஆசை. ஆனால் அவர் முடிக்கவில்லையே, நான் எப்படி முடிப்பது?

அதே கோடையில் எங்களுக்குத் திரும்பும்படி உத்தரவு வந்தது. அவர் எதிர்த்துப் பேசினார். எங்கெல்லாம் பேச முடியுமோ அங்கெல்லாம் பேசினார். உத்தரவு மாறவில்லை. அது சரியா தவறா என்று வாதாட இது இடமல்ல. நாங்கள் படைவீரர்கள், கிளம்பினோம். ஆனால் சொல்லாமல் கிளம்ப அவர் சம்மதிக்கவில்லை. தானே போய்ச் சொல்ல வேண்டும் என்றார்.

ஷிலான் டீச்சரை அழைத்துவரச் சொன்னார். அவர் வரவில்லை. வீட்டுக் கதவுக்குப் பின்னால் இருந்துகொண்டு, "இத என்னால சொல்ல முடியாது. அவரே சொல்லிக்கட்டும்" என்று சொல்லியனுப்பினார்.

அவரே சொன்னார். மொழி இல்லாமல்! தாஹிர் முன்னால் நின்று, தன் நெஞ்சைத் தொட்டார். மேற்கே கை காட்டினார். 'போகிறேன்' என்பதற்கு அவருக்குத் தெரிந்த ஒரே குர்துச் சொல்லைச் சொன்னார். தாஹிர் கர்னலின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றார். நெடுநேரம் விடவே இல்லை. நாங்கள் வண்டியேறியபோது யாரும் கல்லெறியவில்லை, ஏசவில்லை. ஏசியிருந்தால் எவ்வளவு நன்றாக இருந்திருக்கும்!

ஊர் திரும்பினார். பிரிகேடியர் ஆனார். பதக்கம் வந்தது. ஓய்வு பெற்று இந்தத் துறைக்கே திரும்பினார். உங்கள் எல்லோருக்கும் தெரியும், அவர் வீட்டுச் சன்னல் கடலைப் பார்த்தது. அவர் நாற்காலி? அது மேட்டைப் பார்த்துப் போடப்பட்டிருந்தது! கடலில் பிறந்து கடலில் வளர்ந்த மனிதர், கண்காணாத ஒரு மலைக்காக ஏங்கினார். காலையில் எழுந்ததும் அந்த நாட்டுச் செய்தியைத்தான் தேடுவார். வாதுமை பூக்கும் பருவம் வந்தால் யாரிடமும் பேசாமல் மேட்டுப்பாதையில் நடந்துகொண்டே இருப்பார். மோர்வென்னா அம்மையார் ஒருநாள் என்னிடம் சொன்னார்: "டென்சில், நம்ம வாசல்ல மழை பேஞ்சா அவருக்குத் தெரியாது. கானிவார்ல பனி விழுந்தா தெரியுது."

கடைசியில் அந்த அம்மையார்தான் முடிவு கட்டினார். நான் அங்கே டீ குடித்துக்கொண்டிருந்தேன். "அம்ப்ரோஸ், இங்க உடம்பு மட்டுந்தான் இருக்கு. ஆளு அங்க கெடக்கான். போய் அந்த ஆளக் கூட்டிட்டு வா" என்றார்.

"அவங்க மூஞ்சில எப்படி முழிக்கிறது, மோர்வென்னா?"

"எப்படியோ முழி. இங்க நாங்க உன் முதுகையே பாத்துட்டு இருக்கணுமா?"

நாங்கள் இருவரும் போனோம். இருபது ஆண்டுக்கு மேல் ஆகியிருந்தது. கானிவாரில் தார்ச்சாலை வந்திருந்தது, மாடி வீடுகள் வந்திருந்தன. அதே பள்ளிக்கூடம், பெரிதாகியிருந்தது. அதன் வாசலில் நரைத்த தலையோடு ஒரு தலைமையாசிரியை உட்கார்ந்திருந்தார், எங்கள் ஷிலான். பிரிகேடியரைப் பார்த்ததும் அவர் அடையாளம் கண்டுகொண்டார். எழுந்திருக்கவில்லை.

"வந்துட்டீங்களா கர்னல்? வழி மறந்துடுச்சோன்னு நெனச்சேன்."

"மன்னிச்சுக்கோங்க டீச்சர்."

"எதுக்கு? போனதுக்கா? நீங்க சிப்பாய். போகச் சொன்னாங்க, போனீங்க. அதுக்கு நான் கோவப்படல. நீங்க கொடுத்த வாக்க உங்க மொழியில சொன்னீங்க. அது இந்த ஊர்ல எத்தன பேருக்குப் புரிஞ்சுது? அவங்க காதுல விழுந்தது என் குரல்! 'பயமில்லாம தூங்குங்க'ன்னு சொன்னது நான்! நீங்க வண்டி ஏறிட்டீங்க. அந்த வாரமே பாதி ஊரு மறுபடி மூட்ட கட்டுச்சு. போற வழியில ஒவ்வொருத்தியும் என் வாசல்ல நின்னு, 'ஏன்டி சொன்ன?'ன்னு கேட்டுட்டுப் போனா. உங்கள யாராவது கேட்டாங்களா?"

அவர் தலை குனிந்து நின்றார். ஒரு பிரிகேடியர், பள்ளி மாணவன் போல, அந்த வாசலில், வெயிலில்! நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். "ஹாக்கிங், பேசாத" என்றார். ஒரு சொல்லைக்கூட அவர் தடுக்கவில்லை, தனக்காக ஒரு காரணம்கூடச் சொல்லவில்லை. முழுதும் கேட்டார்.

மூச்சு வாங்கிய பிறகு ஷிலான் டீச்சரின் குரல் தணிந்தது. "தாஹிர் போகல" என்றார். "மூட்டையோட எல்லாரும் அவர் வாசலுக்குப் போனாங்க. அவரு வாதுமை மரத்தடியில போய் உக்காந்துக்கிட்டாரு. 'என் பெண்டாட்டிய அத்தன பேர் தோள்ல சுமந்து கொண்டாந்து இங்க வெச்சாங்க. இன்னொரு தடவ அவள விட்டுட்டு மலையேற மாட்டேன். எவன் வர்றானோ வரட்டும்'னாரு. அவரு போகலன்னு தெரிஞ்சதும், போனவங்க ஒவ்வொருத்தரா திரும்பி வந்தாங்க. அரசுப் படைக்காரங்க யாரும் வரல கர்னல். ஒருத்தனும் எங்களைத் தொடல. ஊரு பொழச்சுது."

"தாஹிர் எங்க?"

"அவ பக்கத்துல. போன வருஷம்."

ஒரே ஓர் ஆண்டு! ஓர் ஆண்டு முன்னதாகப் போயிருந்தால் அந்தக் கையை மறுபடி பிடித்திருக்கலாம். பிரிகேடியர் வாதுமை மரத்தடியில் போய் உட்கார்ந்தார். நான் சற்றுத் தள்ளி நின்றேன். அவருடைய தோள் குலுங்கியதை அன்றுதான் பார்த்தேன். பொழுது சாயும் நேரத்தில் ஷிலான் டீச்சர் வந்து நின்றார். "மன்னிச்சேன்னு என் வாயால இன்னிக்கு வராது கர்னல். சோறு ஆறுது. ரெண்டு பேரும் எழுந்து வாங்க" என்றார்.

அதற்குப் பிறகு ஒவ்வொரு வசந்தத்திலும் போனார். அந்தப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளுக்கு ஆங்கிலம் சொல்லிக் கொடுத்தார். பெல்கோம் ஆங்கிலம்! அங்கே இப்போது ஒரு தலைமுறையே நம் நண்டுக்காரர்களைப் போலப் பேசுகிறது. அப்போதாவது ஏக்கம் தீர்ந்ததா? எங்கே தீர்ந்தது! இங்கே இருக்கும்போது அங்கே, அங்கே இருக்கும்போது, "மோர்வென்னா இந்நேரம் என்ன பண்ணுவா?"

சென்ற வசந்தத்தில் அவரால் படியிறங்க முடியவில்லை, கோடையில் தேறிவிட்டார். இந்த வசந்தம் வருகிறேன் என்று டீச்சரிடம் சொல்லியிருந்தார். செய்தியைச் சொல்ல நான்தான் தொலைபேசியில் அழைத்தேன்.

"இந்த வசந்தத்துக்கு வர்றேன்னு சொன்னாரே, ஹாக்கிங்" என்றார்.

"அவரால முடியல டீச்சர்."

"தெரியும். இந்த தடவ அவர திட்ட மாட்டேன்." பிறகு அவர் அழுதார். நானும் அழுதேன். இரண்டு கிழங்கள், இரண்டு நாடுகளில்.

நண்பர்களே! ஏங்குவதோடு நின்றிருந்தால் அவர் லஸ்கம் இல்லை. கானிவாருக்கு மறுபடி போய்த் திரும்பிய அந்த ஆண்டில்தான், போரிலிருந்து வந்தும் வீடு வந்து சேராத நம் இளைஞர்களைத் தேடிப் போக ஆரம்பித்தார். அறைக்கதவைச் சாத்திக்கொண்டவன், குடியில் விழுந்தவன், காலை இழந்தவன், யாரிடமும் பேசாதவன். ஒரு பழைய துடுப்புப் படகை வாங்கிப் பழுது பார்த்து, சனிக்கிழமை தோறும் அவர்களைக் கழிமுகத்துக்குக் கூட்டிப்போனார். அறிவுரை சொன்னாரா? ஒன்றும் சொல்லவில்லை. துடுப்பைக் கையில் கொடுத்தார். "இழுடா. அழுகை வந்தா அழுதுட்டே இழு" என்றார். சுக்கானைப் பிடித்துக்கொண்டு பின்னால் உட்கார்ந்திருப்பார். அந்தப் படகில் ஏறிய எத்தனை பேர் இன்று மனைவி மக்களோடு இந்த மன்றத்தில் உட்கார்ந்திருக்கிறீர்கள்! உங்கள் பெயரை நான் சொல்ல மாட்டேன். உங்களுக்கே தெரியும்.

நேற்று என் வீட்டுக் கதவைத் தட்டினான் ஓர் இளைஞன். படகுக்கு வரத் தொடங்கி ஆறு மாதம். இதுவரை ஒரு வார்த்தை பேசியதில்லை. நேற்றுப் பேசினான். "சனிக்கிழம படகு போகுமா?" என்றான். போகும் என்றேன். "சுக்கான யாரு பிடிப்பாங்க?" என்றான். எனக்குப் பதில் வரவில்லை. அவனும் நின்றுவிட்டுப் போய்விட்டான்.

இப்போது, அவர் படத்துக்கு முன்னால், உங்கள் எல்லோர் முன்னிலையிலும் அந்தப் பதிலைச் சொல்கிறேன். சுக்கானை நான் பிடிப்பேன். எனக்கு முழங்கால் வலி, வலது காது மந்தம், கழிமுகத்து நீரோட்டமும் அவருக்குத் தெரிந்த அளவுக்குத் தெரியாது. இருந்தாலும் பிடிப்பேன். என் கை தளர்ந்தால் நம்மில் இன்னொருவர் பிடிப்பார். அவர் தொடங்கியதை நாம் விட மாட்டோம். விட மாட்டோம் என்று எல்லோரும் சேர்ந்து சொல்வோம்! ஆனால் சொன்னால் மட்டும் போதாது. போன வாரம் வரை நான் உட்கார்ந்திருந்த துடுப்பிருக்கை காலியாகிறது. எனக்கு ஓர் ஆள் வேண்டும். யார் வருகிறீர்கள்?

கை தூக்குங்கள், வெட்கப்படாதீர்கள்.

யார் அது, முன்வரிசையில்? மோர்வென்னா அம்மையாரே... நீங்களா? வேண்டாம் அம்மா. அலை உங்களுக்கு ஒத்துக்கொள்ளாதே. அவர் எத்தனை முறை கூப்பிட்டும் நீங்கள் கரையில் நின்றே கையசைத்தவர் ஆயிற்றே.

என்ன சொல்கிறார் என்று பின்வரிசைக்குக் கேட்டிருக்காது. நான் சொல்கிறேன்: "ஒத்துக்கலன்னா வாந்தி எடுப்பேன் டென்சில். உனக்கென்ன? எனக்கு ஒரு துடுப்பக் கொடு."

சரி, அம்மா. சனிக்கிழமை, நீர் ஏறும் நேரத்துக்கு வந்துவிடுங்கள். படகு கிளம்பும்.